அவன் செய்தால் வியூகம், இவன் செய்தால் தந்திரம்

அக்கா மகன் பென்சில்வேனியாவில் இருக்கிறான். போன வருஷம் அவன் வீட்டில் ஒரு மாதம் தங்கியிருந்தபோது, ஞாயிறு தவறாமல் என்னை டிவி முன்னால் உட்காரவைத்துவிடுவான். அமெரிக்கன் ஃபுட்பால். பந்தைக் காலால் உதைப்பது எப்போதோ ஒருமுறைதான். மீதி நேரமெல்லாம் ஆள் மேல் ஆள் விழுந்து கிடக்கிறார்கள். "நாலு தடவைக்குள்ள பத்து கஜம் முன்னால போகணும் மாமா, அவ்வளவுதான்" என்று பாடம் நடத்தினான். ஒரு ஆட்டத்தில் பந்தை ஒருவன் இன்னொருவனிடம் கொடுப்பதுபோல் கொடுத்து, அவன் வேறொருவனிடம் தள்ளி, எதிரணி மொத்தமும் தப்பான பக்கம் ஓடியது. "இது ட்ரிக் ப்ளே. இதெல்லாம் நம்ம பக்கத்து ஊர் கார்லைல்காரங்க அந்தக் காலத்துலயே பண்ணினது" என்றான்.

அந்த 'ட்ரிக்' என்ற சொல்தான் என்னை இத்தனை மாதமாகப் படிக்கவைத்திருக்கிறது. கார்லைல் பள்ளி அணியின் மூளையை எல்லாம் 'ட்ரிக்' என்று ஒரே சொல்லில் ஒதுக்கிவிடுகிறார்களே, அதைப் பற்றித்தான். கொஞ்சம் நீளமான பதிவு, பொறுத்துக்கொள்ளுங்கள்.

கார்லைல் இந்தியத் தொழிற்பள்ளி 1879இல் ரிச்சர்ட் ஹென்றி பிராட் என்ற ராணுவ அதிகாரி ஆரம்பித்தது. 'இந்தியர்' என்றால் அமெரிக்கப் பழங்குடியினர். (செவ்விந்தியர் என்று எழுதிப் பழகிவிட்டோம், எனக்கு அந்தச் சொல் இப்போது ஒட்டவில்லை.) பிள்ளைகளை ஆயிரம் மைலுக்கு அப்பாலிருந்து ரயிலில் கொண்டுவந்து, முடியை வெட்டி, தாய்மொழி பேசத் தடை போட்டு, பெயரையும் மாற்றினார்கள். முதலில் வந்தவர்களில் லகோட்டா இனத்துப் பையன் ஒருவன். கரும்பலகையில் ஏதோ கோடுகள் கோடுகளாக எழுதியிருக்கின்றன. கையில் ஒரு குச்சியைக் கொடுத்து, ஏதாவது ஒன்றைத் தொட்டுக் காட்டச் சொல்கிறார்கள். தொட்டான். அன்றிலிருந்து அவன் பெயர் லூதர். பிராட் தன் கொள்கையை 1892இல் ஒளிவுமறைவில்லாமல் சொன்னார்: அவனுக்குள் இருக்கும் இந்தியனைக் கொல், மனிதனைக் காப்பாற்று.

இது கல்லூரியே கிடையாது. பாதி நாள் பாடம், பாதி நாள் தச்சு, தையல், கொல்லு வேலை. கோடை விடுமுறையில் வெள்ளைக்காரர் பண்ணைகளுக்கு வேலைக்கு அனுப்புவார்கள். இப்படி ஒரு இடத்துப் பையன்கள்தான் ஹார்வர்டு, பென்சில்வேனியா பல்கலைக்கழகம், ராணுவ அகாடமி என்று நாட்டின் பெரிய கல்லூரி அணிகளோடெல்லாம் மோதினார்கள்.

அந்த 'ட்ரிக்' சமாசாரத்தை முதலில் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் ரசிக்கவேண்டிய சமாசாரம். 1903, ஹார்வர்டு மைதானம். இரண்டாம் பாதி தொடக்கத்தில் ஹார்வர்டு பந்தை உதைக்கிறது. ஜிம்மி ஜான்சன் பிடிக்கிறார். மற்றவர்கள் அவரைச் சுற்றி நெருக்கியடித்து நிற்க, சார்லஸ் டில்லன் என்பவரின் சட்டைக்குள் முதுகுப் பக்கமாகப் பந்தைச் செருகிவிடுகிறார்கள். சட்டையின் கீழ்ஓரத்தில் இதற்கென்றே எலாஸ்டிக் தைத்திருந்தது. அப்புறம் ஆளுக்கொரு பக்கமாகச் சிதறி ஓடுகிறார்கள், பந்தை வைத்திருப்பதுபோல் தலைக்கவசத்தை வயிற்றோடு அணைத்துக்கொண்டு. ஹார்வர்டுக்காரர்கள் ஒவ்வொருவரையாகத் துரத்த, முதுகில் கூனோடு டில்லன் இரண்டு கையையும் வீசிக்கொண்டு நேராக ஓடிப்போய் எல்லைக்கோட்டைத் தாண்டிப் புள்ளி எடுத்துவிட்டார். கை இரண்டும் காலியாக ஓடிவருகிறவனை யார் பிடிப்பார்கள்? ஆட்டத்தில் என்னவோ கடைசியில் ஹார்வர்டுதான் ஜெயித்தது, 12-11.

சரி, இதைத் தந்திரம் என்றே வைத்துக்கொள்வோம். கார்லைலின் பயிற்சியாளர் பாப் வார்னரே இது முழுக்க நேர்மையான ஆட்டம் என்று சொல்லிக்கொள்ளவில்லை. அன்றைய விதியில் தடை இல்லை, அவ்வளவுதான். என் சண்டை இதோடு இல்லை. இந்த ஒரு சட்டையை எடுத்து அடுத்த பத்து வருஷத்து ஆட்டத்துக்கும் போர்த்திவிட்டார்களே, அதோடுதான்.

1905 வரை இந்த விளையாட்டு கிட்டத்தட்ட கும்பலாக முட்டிக்கொள்வதுதான். அந்த ஒரு வருஷத்தில் மட்டும் பதினெட்டுப் பேரளவில் செத்தார்கள். ஜனாதிபதி ரூஸ்வெல்ட்டே ஹார்வர்டு, யேல், பிரின்ஸ்டன் ஆட்களை வெள்ளை மாளிகைக்குக் கூப்பிட்டுப் பேசவேண்டி வந்தது. 1906இல் பந்தை முன்னோக்கி எறியலாம் என்று விதி மாறியது. முதலில் எறிந்தது செயிண்ட் லூயிஸ் பல்கலைக்கழகம், அந்தப் பெருமை அவர்களுடையது. ஆனால் பெரிய அணிகள் இதைக் கௌரவக் குறைச்சலாகப் பார்த்தன. ஆளும் எடையும் இருக்கும்போது எதற்கு எறிய வேண்டும்? கார்லைல் பையன்களுக்கு எடை இல்லை, வேகம் இருந்தது. 1907இல் அதுவரை தோற்காத பென்சில்வேனியா பல்கலைக்கழக அணியை, ஃபிலடெல்பியாவில் அவர்கள் சொந்த மைதானத்திலேயே, நீள நீளமாக எறிந்து 26-6 என்று சாய்த்தார்கள். அந்த வருஷம் 10 வெற்றி, ஒரே ஒரு தோல்வி.

இனி 1912. அந்தக் கோடையில் சாக் அண்ட் ஃபாக்ஸ் இனத்தைச் சேர்ந்த ஜிம் தார்ப் ஸ்டாக்ஹோம் ஒலிம்பிக்கில் பென்டத்லான் (ஐந்து போட்டி சேர்ந்தது), டெகத்லான் (பத்து சேர்ந்தது) இரண்டிலும் தங்கம் வாங்கிவிட்டு, திரும்ப வந்து பள்ளி அணிக்கு ஆடுகிறார். நவம்பர் 9, வெஸ்ட் பாயின்ட். எதிரே அமெரிக்க ராணுவ அகாடமி. அந்த அணியில் ஐசனோவர் என்ற இளைஞரும் உண்டு, பின்னாளில் ஜனாதிபதி ஆனவர்தான். அமெரிக்க ராணுவம் லகோட்டா மக்களைக் கொன்று குவித்த ஊண்டட் நீ படுகொலை நடந்து 22 வருஷம்கூட முழுசாக ஆகவில்லை. இணையத்தில் இந்த ஆட்டத்தைப் பழிவாங்கும் படலமாகவே எழுதுகிறார்கள். ஆட்டத்துக்கு முன் வார்னர் வீர உரை ஆற்றினார், பையன்கள் ரத்தம் கொதித்தது என்று, பின்னணி இசை மட்டும்தான் பாக்கி.

எனக்கு இந்தச் சித்திரம் பிடிக்கவில்லை. ஏனென்றால் அன்று ஜெயித்தது கொதித்த ரத்தம் இல்லை, மூளை. எதிரணி எந்தப் பக்கம் அடைப்பது என்று தெரியாமல் திணறும்படி பின்வரிசையின் இரு ஓரத்திலும் ஆளை நிறுத்தும் புது அமைப்பு ஒன்றோடு வந்திருந்தார்கள். இங்கே ஒரு விஷயம் கவனியுங்கள்: கோட்டுக்கு வெளியே நின்று பயிற்சியாளர் யோசனை சொல்வது அன்றைய விதிப்படி தப்பு. அடுத்து என்ன ஆட்டம் என்று ஒவ்வொரு முறையும் களத்துக்குள் முடிவு செய்தவர் கஸ் வெல்ச் என்ற ஒஜிப்வே இளைஞர். (பிற்பாடு சட்டம் படித்தார், வாஷிங்டன் ஸ்டேட் கல்லூரிக்குப் பயிற்சியாளராகவும் போனார்.) தார்ப்பைத் தடுக்க ராணுவம் மொத்தமாகப் பாய்ந்தது, அந்த இடைவெளியில் அலெக்ஸ் அர்காசா மூன்று முறை எல்லை கடந்தார். பொறுமை இழந்து எதிராளியைத் தாக்கியதற்காக வெளியேற்றப்பட்டவர், ராணுவ அணியின் கேப்டன். 27-6.

மறு வாரமே பென்சில்வேனியாவிடம் 34-26 என்று தோற்றார்கள். பழிவாங்கும் கதை எழுதுகிறவர்கள் இந்த வாரத்தைச் சத்தமில்லாமல் தாண்டிவிடுவார்கள். மொத்தக் கணக்கு 12 வெற்றி, ஒரு தோல்வி, ஒரு டிரா.

எனக்கு வயிறெரிந்த இடம் அடுத்த வருஷம். 1913 நவம்பரில் அதே வெஸ்ட் பாயின்ட்டில் அதே ராணுவ அணியை நோட்ர டேம் கல்லூரி பந்தை எறிந்தே 35-13 என்று ஜெயித்தது. ஆட்டத்தின் போக்கையே மாற்றிய நாள் என்று இன்றுவரை கொண்டாடப்படுவது அந்த நாள்தான். ஆறு வருஷம் முன்னால் ஃபிலடெல்பியாவில் எறிந்த பையன்கள் ட்ரிக் ப்ளே பத்தியில் கிடக்கிறார்கள்.

சொல்லப்போனால் சாமர்த்தியம் எங்கே வேலை செய்ததென்றால் பள்ளியின் கல்லாவில். அணி பெரும்பாலும் வெளியூரில்தான் ஆடும், கூட்டம் அங்கேதான். கொல்லவேண்டிய இந்தியனின் பெயரைச் சொல்லித்தான் டிக்கெட் விற்றார்கள். வந்த பணம் விளையாட்டுச் சங்கத்தின் தனிக் கணக்கில் போனது. 1914இல் நாடாளுமன்றக் குழு விசாரிக்க வந்தது. அதற்கு முன் மாணவர்களிடம் கையெழுத்து வாங்கி மனு அனுப்பியவர்களில் முன்னால் நின்றவர் அதே கஸ் வெல்ச். வார்னர் பிட்ஸ்பர்க்குக்குப் போய் இன்னும் பெரிய பெயர் எடுத்தார். பள்ளி 1918இல் மூடியது.

தார்ப் கதை உங்களுக்குத் தெரிந்திருக்கும். ராக்கி மவுண்ட் என்ற சிறிய ஊர் அணிக்குக் கோடையில் பேஸ்பால் ஆடிச் சில்லறை வாங்கியதற்காக 1913இல் பதக்கங்களைப் பிடுங்கினார்கள்; காசு வாங்கி விளையாடியவருக்கு அன்று ஒலிம்பிக்கில் இடமில்லை. தன் பெயரை மாற்றிக்கொண்டு அதே காரியம் செய்த கல்லூரிப் பையன்கள் அன்று நிறைய. இவர் சொந்தப் பெயரில் ஆடினார். 30 நாளுக்குள் ஆட்சேபம் எழுப்ப வேண்டும் என்ற விதியும் காற்றில் போனது. 1953இல் செத்துப்போனார். 1982இல் பாதி கொடுத்தார்கள், ஒவ்வொரு போட்டியிலும் இன்னொருவரோடு கூட்டு முதலிடம். தனி முதலிடம் 2022இல்.

போன மாதம் மருமகன் ஒரு படம் அனுப்பினான். 1911 அணியின் குழுப் படம். (அந்த வருஷம் தார்ப் கட்டுப்போட்ட காலோடு நான்கு ஃபீல்டு கோல் (கம்பங்களுக்கு நடுவே பந்தை உதைத்து எடுக்கும் புள்ளி) உதைக்க, ஹார்வர்டை வென்றார்கள்.) யாரும் சிரிக்கவில்லை. நடுவில் ஒரு பந்து, அதன் மேல் வெள்ளை எழுத்தில் கையால் எழுதியிருக்கிறது: 1911, இந்தியர்கள் 18, ஹார்வர்டு 15.