மாயாவில் குளிக்க விடவில்லை என்று புலம்புகிறவர்களுக்கு

தாய்லாந்துக்கு விசா இல்லாமல் போகலாம் என்று 2023-ல் அறிவித்ததிலிருந்து டைம்லைன் முழுக்க நம்ம ஆட்களின் பிபி (Phi Phi) தீவுப் படங்கள்தான். சந்தோஷம். ஆனால் கூடவே ஒரு புலம்பலும் வருகிறது: “400 பாட் டிக்கெட் வாங்கிட்டு மாயா பீச்ல குளிக்க விடமாட்டேங்குறான், விசில் ஊதித் துரத்துறான், காசு தண்டம்.” நான் விசில் ஊதுகிறவர் கட்சி.

பிபி தீவுக் கூட்டத்தில் பிபி லே என்பது ஊர் எதுவும் இல்லாத சின்னத் தீவு, முழுக்கச் சுண்ணாம்புப் பாறை. அதன் மேற்கு ஓரத்தில், சுற்றிலும் செங்குத்துப் பாறை நிற்க, கடல் பக்கம் மட்டும் வாய் திறந்திருக்கும் விரிகுடாதான் மாயா. மணல் பரப்பு இருநூறு, இருநூற்றைம்பது மீட்டர்தான். நம்ம ஊர்க் கடற்கரை மாதிரி ஆறு கொண்டுவந்து கொட்டிய மணல் இல்லை இது, அந்தத் தீவில் ஆறே கிடையாது. பவளமும் சிப்பியும் நொறுங்கித் தூளாகி வந்த மணல், அதனால்தான் அவ்வளவு வெள்ளை. பவளம் செத்தால் புது மணல் வரத்தும் குறையும். தென்மேற்குப் பருவக்காற்று நேராக வாய்க்குள் அடிக்கும்போது இருப்பதை அலை அரித்துக்கொண்டு போகாமல் பிடித்து வைத்திருந்தது பின்னால் இருந்த மணல்மேடும் அதில் முளைத்திருந்த செடிகளின் வேரும்தான்.

1999-ல் ‘தி பீச்’ என்ற ஹாலிவுட் படம் எடுக்க வந்தவர்கள் கைவைத்தது சரியாக அங்கேதான். டிகாப்ரியோ நடந்து வரும் சொர்க்கம் இன்னும் சொர்க்கமாகத் தெரிய வேண்டுமாம். மணல்மேட்டைச் சமன்படுத்தி, இருந்த செடிகளைப் பிடுங்கி, வெளியிலிருந்து தென்னை கொண்டுவந்து நட்டார்கள். அதாவது, உலகமே வாயைப் பிளந்து பார்த்த அந்த ‘மனிதன் கை படாத’ கடற்கரை ஒரு செட். உள்ளூர்க்காரர்கள் அப்போதே போராடினார்கள், வழக்கும் போட்டார்கள். அது முடிய 2022 ஆனது!

படம் வந்த பிறகு கூட்டம். நடுவில் 2004 சுனாமி. பக்கத்தில் ஆட்கள் வாழும் பிபி டான் தீவில், இரண்டு மலைக்கு நடுவே குறுகலான மணல் திட்டில்தான் ஊர், இரண்டு பக்கமும் விரிகுடா. இரண்டு பக்கமிருந்தும் தண்ணீர் ஏறியது. எவ்வளவு பேர் செத்தார்கள் என்று தெரிந்தும் சில வருடங்களில் அதே திட்டில் ஓட்டல்கள் எழுந்தன. மாயாவுக்கோ ஒரு நாளைக்கு 5,000 பேர் வரை. அத்தனை பேரையும் ஏற்றி வந்த படகுகள் கரை வரைக்கும் வந்து நங்கூரம் போட்டால் பவளம் என்ன ஆகும்?

2018 ஜூனில் மூடினார்கள். முதலில் நான்கு மாதம் என்றுதான் பேச்சு, அப்புறம் நீட்டித்து நீட்டித்து 2022 ஜனவரியில்தான் திறந்தார்கள். படகுக்காரர்களுக்கு வயிற்றில் அடிதான், மறுக்கவில்லை. ஆனால் மூடிய சில மாதங்களிலேயே சுறாக்கள் திரும்பி வந்துவிட்டன. துடுப்பு நுனியில் மை தொட்ட மாதிரி கறுப்பு இருக்கும் வகை, மனிதரைத் தேடி வந்து கடிப்பதில்லை. ஒரு முழம் நீளக் குட்டிகள் முழங்கால் ஆழத் தண்ணீரில், முதுகுத் துடுப்பு வெளியே தெரிய, கரையை ஒட்டியே வரிசையாகப் போகும். பெரிய மீன் வரமுடியாத அந்த ஆழம்தான் அவற்றுக்குப் பாதுகாப்பு. நீங்கள் குளிக்கக் கேட்பதும் அதே ஆழம்.

பிபி லேயில் வியாபாரமே கூடாது என்று நான் சொல்லவில்லை. மறுபக்கத்து வைக்கிங் குகையில் மூங்கில் சாரம் கட்டி ஏறிப் பறவைக் கூடு எடுப்பது பழைய தொழில், சீனர்களின் சூப்புக்குப் போகும் கூடு. அதற்கென்று பருவம் உண்டு, ஏறுவதற்கென்று ஆள் உண்டு. ஆள் கணக்கே இல்லாமல் ஓடியது சுற்றுலா மட்டும்தான். இப்போது படகு பின்பக்கம் லோ சாமா விரிகுடாவில்தான் நிற்கும், அங்கிருந்து மரப்பலகைப் பாதையில் நடந்து வர வேண்டும், ஒரு நேரத்துக்கு இத்தனை பேர்தான் என்று கட்டுப்பாடு. ஆகஸ்ட், செப்டம்பரில் வழக்கமாக மூடிவிடுகிறார்கள். என்னைக் கேட்டால் இன்னும் இரண்டு மாதம் சேர்த்தே மூடலாம்.

குளித்தே ஆக வேண்டும் என்றால் பிபி டானில் லோ டாலம் கடற்கரை இருக்கிறது, டிக்கெட்டும் கிடையாது. கடல் வற்றியிருக்கும் நேரத்தில் மட்டும் போகாதீர்கள், முழங்கால் நனையவே ரொம்ப தூரம் நடக்கணும்.