தன் அணிக்கு எதிராக ஒரு வாக்கு

செக்கோஸ்லோவாகியாவின் எல்லைப் பகுதியை ஹிட்லருக்கு விட்டுக்கொடுத்த மூனிக் ஒப்பந்தம், 1938 அக்டோபர் 4 அன்று பிரெஞ்சு நாடாளுமன்றத்தில் வாக்கெடுப்புக்கு வந்தபோது 535 பேர் ஆதரித்தார்கள், 75 பேர் எதிர்த்தார்கள். எதிர்த்தவர்களில் 73 பேர் கம்யூனிஸ்ட்டுகள், ஒருவர் சோசலிஸ்ட். மிச்சமிருந்த ஒருவர் ஆன்ரி தெ கெரிலிஸ், பாரிஸை ஒட்டிய நூய் தொகுதியின் வலதுசாரி உறுப்பினர். தேசப்பற்றைப் பேசும் அரசியல்வாதியை அவருடைய சொந்த அணி தவறும் நாளில்தான் எடைபோட வேண்டும் என்பது என் உறுதியான கருத்து. அந்த எடையில் தேறியவர் என்பதால் இவரைப் பற்றி எழுதுகிறேன்.

கம்யூனிஸ்ட்டுகளோடு அவருக்கு எந்த ஒட்டுறவும் இருந்ததில்லை. 1920களின் பிற்பாதியில் அவர்களை எதிர்ப்பதற்கென்றே ஒரு பிரசார மையத்தை நிறுவி, சுவரொட்டிகள் அச்சிட்டு, மேடைப் பேச்சாளர்களுக்குப் பயிற்சியும் அளித்தவர் அவர். ஆனால் ஹிட்லரின் ஜெர்மனி வலுப்பெறத் தொடங்கியதும், முதல் ஆபத்து அங்கிருந்துதான் வருகிறது என்ற முடிவுக்கு வந்து, அதிலிருந்து கடைசிவரை அவர் பின்வாங்கவில்லை. பலவீனர்களிடம் ஜெர்மனி இரக்கம் காட்டாது, நாம் இப்போது பலவீனத்தைக் காட்டிவிட்டோம், இனி அதன் கோரிக்கைகள் பெருகும் என்று அன்றைக்கு அவையில் அவர் எச்சரித்தார். ஆறு மாதத்துக்குள் ஹிட்லரின் படை செக்கோஸ்லோவாகியாவின் தலைநகர் பிராகில் நுழைந்தது. அவர் நடத்திய ‘லேபோக்’ நாளிதழ் பாரிஸில் இயங்கிய ஜெர்மன் பிரசார வலையை வெளிச்சத்துக்குக் கொண்டுவந்தபோது, அவருடைய பழைய தோழர்களே அவரை மாஸ்கோவின் ஆள் என்று ஏசினார்கள்.

இவரைப் போற்றுகிறவர்கள் மேலோட்டமாகக் கடந்துபோகும் ஒரு பக்கம் உண்டு. முதல் உலகப் போரில் இவர் விமானப்படைக் கேப்டன். பிரான்சின் பார்-ல-துக் நகரின் மீது ஜெர்மானியர் குண்டு வீசியதற்குப் பதிலடியாக, 1916 ஜூன் 22 அன்று ஜெர்மனியின் கார்ல்ஸ்ரூஹே நகரைத் தாக்கிய விமானங்களுக்குத் தலைமை தாங்கியவர் இவரே. அன்று நற்கருணைப் பெருவிழா, விடுமுறை நாள். சர்க்கஸ் கூடாரத்தில் பிற்பகல் காட்சி நடந்துகொண்டிருக்க, அருகிலேயே குண்டுகள் விழுந்தன. இறந்த 120 பேரில் 71 பேர் குழந்தைகள். இலக்காக இருந்த ரயில் நிலையம் மூன்றாண்டுகளுக்கு முன்பே வேறிடத்துக்கு மாறியிருந்தது, விமானிகளிடம் இருந்ததோ பழைய வரைபடம் என்றெல்லாம் விளக்கம் சொல்வதுண்டு. பதிலடி என்று புறப்பட்டு ஒரு நகரத்தின் மீது குண்டு வீசிய பிறகு அந்த விளக்கத்துக்கு எவ்வளவு மதிப்பு கொடுப்பது? மூனிக் வாக்கெடுப்பில் அவர் காட்டிய துணிவை நான் மனதாரப் போற்றுகிறேன். அந்தக் குழந்தைகளின் சாவை அதை வைத்துக் கழித்துவிட முடியாது.

1940 ஜூனில் பிரான்ஸ் விழுந்ததும் அவர் லண்டனுக்குத் தப்பி, அங்கிருந்து நியூயார்க் போய்ச் சேர்ந்தார். ஜெர்மனியோடு ஒத்துழைத்த மார்ஷல் பெத்தேனின் விஷி அரசு அவருடைய குடியுரிமையைப் பறித்தது. நாட்டை விற்றுவிட்டார்கள் என்று அதுவரை பிறரைச் சாடிவந்த வலதுசாரிகளில் பலர் படையெடுத்து வந்தவனோடு கைகோத்த அதே காலத்தில், போரை எதிர்பார்த்து எச்சரித்தவர் அந்நியராக்கப்பட்டார் என்பதை நினைக்கையில் எனக்கு இன்றும் மனம் கொதிக்கிறது.

நியூயார்க்கில் ஜெனவியேவ் தபூயி என்ற பத்திரிகையாளரோடு சேர்ந்து ஒரு பிரெஞ்சு வார இதழை நடத்தினார். லண்டனிலிருந்து போரைத் தொடர்ந்த ஜெனரல் தெ கோலை முதலில் ஆதரித்தவர், பின்னர் தெ கோலின் போட்டியாளரான ஜெனரல் ஜிரோவின் பக்கம் சாய்ந்து, தெ கோலின் கடும் எதிரியானார். இதற்கிடையே, தெ கோல் தரப்புப் பாராசூட் படையில் சேர்ந்து வடமேற்குப் பிரான்சின் பிரிட்டனி மண்ணில் இறங்கிய அவருடைய மகன் அலென் 1944 ஜூலையில் ஜெர்மானியர் கையில் சிக்கிச் சுட்டுக்கொல்லப்பட்டார். அடுத்த ஆண்டு, தெ கோலைச் சர்வாதிகாரி என்று குற்றஞ்சாட்டி ஒரு நூலையே வெளியிட்டார் கெரிலிஸ். மகனை இழந்த தந்தையின் துயரத்துக்குத் தலைவணங்குகிறேன்; ஆனாலும் அந்தக் குற்றச்சாட்டு தவறு. விடுதலைக்குப் பின் அரசுக்குத் தலைமை தாங்கி, கட்சிகளோடு ஒத்துப்போக முடியாத தெ கோல் 1946 ஜனவரியில் தாமாகவே பதவி விலகிப் போனார். சர்வாதிகாரி அப்படிச் செய்யமாட்டான். 1938இல் எல்லோரும் ஒருபக்கம் நிற்கையில் தனித்து நிற்க வைத்த அதே பிடிவாதம்தான், விடுதலைக்குப் பிறகு தாயகத்தில் அவருக்கென்று ஓர் அணிகூட இல்லாமல் செய்தது என்று நினைக்கிறேன். பிரான்சில் மீண்டும் குடியேறாமலே, 1958 ஏப்ரலில் அமெரிக்காவில் காலமானார். இரண்டு மாதம்கூட ஆகவில்லை, தெ கோல் மறுபடியும் ஆட்சிக்கு வந்தார்.