துண்டும் என்ஓசியும்: விலகிப்போக முடியாதவனின் கூலி

2007 முதல் 2012 வரை ஐக்கிய அரபு அமீரகத்தில் ஒரு கட்டுமானத் துணை ஒப்பந்த நிறுவனத்தில் டைம்கீப்பராக இருந்தேன். காலையில் கேம்ப்பிலிருந்து பஸ் கிளம்பும்போது ஆட்களை எண்ணுவது, தளத்தில் ஃபோர்மேனிடம் கையெழுத்து வாங்குவது, மாதக் கடைசியில் டைம்ஷீட்டுகளைக் கூட்டிக் கணக்குப் பிரிவுக்கு அனுப்புவது ஆகியவை என் வேலை. தொழிலாளர் சந்தை என்று பொருளியலார் சொல்வதைப் பற்றி எனக்கு இன்று இருக்கும் உறுதியான கருத்து அந்த டைம்ஷீட்டுகளிலிருந்து வந்தது. அண்மைக்காலமாக வளைகுடா வேலை பற்றி நண்பர்கள் எழுதும் பதிவுகளில் சம்பளம், வெயில், ஏஜென்ட் மோசடி எல்லாம் வருகின்றன. போனவர் அங்கே வேறு முதலாளியிடம் மாற முடியாதபடி கட்டிப்போடப்படுவது மட்டும் வருவதில்லை என்பதால் விரிவாக எழுதுகிறேன்.

எங்கள் நிறுவனத்தில் வேலை குறைந்த மாதங்களில் ஆட்களை வேறு நிறுவனங்களின் தளங்களுக்கு 'சப்ளை'க்கு அனுப்புவார்கள். அதாவது விசா எங்களுடையது, வேலை அவர்களுடையது. ஒரு வெல்டருக்கு அந்த நிறுவனம் மணிக்கு 14 திர்ஹம் எங்களுக்குக் கொடுத்தது. அதே வெல்டருக்கு நாங்கள் போட்ட சம்பளம் மாதம் 1,100 திர்ஹம். மாதத்துக்கு 26 நாள், நாளுக்கு 8 மணி என்று வகுத்தால் மணிக்கு ஏறத்தாழ 5 திர்ஹம் 30 ஃபில்ஸ். கேம்ப் வாடகை, பஸ், விசாச் செலவு, மருத்துவக் காப்பீடு, இரண்டாண்டுக்கு ஒருமுறை விமானச் சீட்டு என்று எல்லாவற்றையும் தாராளமாகவே கூட்டிப் பார்த்தேன். மணிக்கு 3 திர்ஹத்தைத் தாண்டவில்லை. மீதி 5 திர்ஹத்துக்கும் மேல் ஒவ்வொரு மணிக்கும் எங்கள் நிறுவனத்திடம் தங்கியது. அந்தத் தளத்தில் எங்கள் நிறுவனம் ஒரு ஆணிகூட அடிக்கவில்லை. வேலையைக் காட்டியவர் அவர்களுடைய ஃபோர்மேன், வெல்டிங் ராடும் மெஷினும் அவர்களுடையவை.

அப்படியானால் அந்த வெல்டர் நேரே அந்த நிறுவனத்திலேயே சேர்ந்திருக்கலாமே? அவர்கள் மணிக்கு 9 திர்ஹம் கொடுத்து, தங்குமிடச் செலவையும் ஏற்றாலும் அவர்களுக்கு லாபம், அவருக்கு ஏறக்குறைய எழுபது விழுக்காடு சம்பள உயர்வு. உண்மையில் அப்படி ஒரு அழைப்பு வந்தது. இராமநாதபுரம் மாவட்டத்துக்காரர், ஹெல்பராக வந்து தளத்திலேயே தொழில் கற்றவர். அந்த நிறுவனத்தின் எஞ்சினியர் அவருடைய கைவேலையைப் பார்த்துவிட்டு மாதம் 1,800 திர்ஹம் தருவதாகச் சொன்னார். ஒரு மாலை அவர் என் மேசைக்கு வந்து, என்ஓசி, அதாவது வேறு இடத்தில் சேர ஆட்சேபணை இல்லை என்று முதலாளி தரும் கடிதம், கேட்டு ஆங்கிலத்தில் ஒரு விண்ணப்பம் தட்டச்சு செய்து தரச் சொன்னார். ஆறு வரி. மூன்றாம் நாள் அது திரும்பி வந்தபோது மேல் ஓரத்தில் பச்சை மையில் 'நாட் அப்ரூவ்டு' என்று இருந்தது. காரணம் எழுதப்படவில்லை, எழுத வேண்டும் என்று எந்த விதியும் இல்லை. அவருடைய பாஸ்போர்ட் அலுவலகத்து இரும்பு அலமாரியில், மற்ற எல்லாருடைய பாஸ்போர்ட்டுகளோடும் ரப்பர் பேண்ட் போட்டு அடுக்கியிருந்தது.

என்ஓசி இல்லாமல் வேலையை விட்டால் அன்றைய சட்டப்படி ஆறு மாதத் தடை. நாட்டை விட்டு வெளியேற வேண்டும், ஊரில் உட்கார வேண்டும், மீண்டும் ஏஜென்ட்டுக்குப் பணம் கட்ட வேண்டும். முதல் முறை கட்டிய பணத்துக்கு அடகு வைத்த நகையே அப்போது மீட்கப்படாமல் இருந்தது. அவர் போகவில்லை. ஆனால் அதற்குப் பிறகு அவர் பழைய வெல்டராகவும் இல்லை. நாளுக்கு எத்தனை ஜாயின்ட் முடித்தாலும் அதே 1,100 தான் என்று தெரிந்துகொண்ட மனிதர் எத்தனை ஜாயின்ட் முடிப்பாரோ அத்தனை முடித்தார். ஃபோர்மேன் என்னிடம் புகார் சொன்னார். எனக்கு அவரிடம் சொல்லப் பதில் இல்லை.

இதைப் பொருளியலில் மோனாப்சனி என்பார்கள். 1930களில் பிரிட்டனின் ஜோன் ராபின்சன் புழக்கத்துக்குக் கொண்டுவந்த சொல். வாங்குபவர் ஒருவராகவே இருக்கும் சந்தை என்று பொருள். நம் ஊரில் இதற்கு விளக்கமே தேவையில்லை. பால் எடுக்க ஒரே ஒருவர் வரும் கிராமத்தில் அவர் சொல்வதுதான் விலை, அவர் வைத்ததுதான் அளவு. இரண்டாவது வண்டி வரத் தொடங்கிய வாரமே விலை ஏறும். மாடும் பாலும் மாறியிருக்காது. வளைகுடாவில் ஆயிரக்கணக்கான நிறுவனங்கள் இருந்தன, எனவே பார்ப்பதற்கு அது பெரிய சந்தை. ஆனால் விசா கொடுத்த முதலாளியோடு தொழிலாளியைப் பிணைக்கும் கஃபாலா முறையில் ஒரு தொழிலாளிக்கு அந்தச் சந்தையில் இருந்தவர் ஒரே ஒரு முதலாளி, அவருடைய விசாவில் பெயர் எழுதியிருந்த கஃபீல் மட்டும்தான். ஊரில் ஏஜென்ட் அலுவலகத்து வாசலில் நிற்கும் வரை அவருக்கு நான்கைந்து வாய்ப்புகள் இருந்திருக்கலாம். விமானம் ஏறிய பிறகு ஒன்றே ஒன்று.

தமிழர்களுக்கு இது முதல் முறையும் இல்லை. இலங்கைத் தோட்டங்களில் துண்டு முறை என்று ஒன்று இருந்தது. ஒரு தோட்டத்துத் தொழிலாளி வேறு தோட்டத்துக்குப் போக வேண்டுமானால், இன்ன கடனைத் தீர்த்தால் இவரை விடுவிக்கிறோம் என்று பழைய தோட்டம் எழுதித் தரும் துண்டு வேண்டும். கடன், ஆள் சேர்த்து மேற்பார்த்த கங்காணியின் கணக்கில் இருக்கும். கணக்கு கங்காணியின் கையில் இருக்கும். துண்டு கிடைக்காதவர் பக்கத்து மலையில் நாலணா கூடுதலாகக் கொடுத்தாலும் போக முடியாது. 1921இல் அந்த முறையைச் சட்டத்தின் மூலம் ஒழித்தார்கள். அதற்கு ஏறக்குறைய 90 ஆண்டுகளுக்குப் பிறகு நான் வேறொரு நாட்டில் உட்கார்ந்து அதே துண்டைக் கேட்டு விண்ணப்பம் அடித்துக் கொடுத்திருக்கிறேன் என்பது, இதைப் படித்துத் தெரிந்துகொண்ட நாளில் என்னைத் தூங்க விடவில்லை.

தடையை நீக்கினால் என்ன ஆகும் என்பதற்கு வெறும் ஊகத்தை நம்ப வேண்டியதில்லை. அமீரகமே ஒரு சோதனை போலச் செய்து காட்டியது. 2011 ஜனவரி முதல், ஒப்பந்தக் காலத்தை முடித்த தொழிலாளி பழைய முதலாளியின் என்ஓசி இல்லாமலேயே வேறு நிறுவனத்துக்கு மாறலாம் என்று விதி வந்தது. அதன் விளைவைச் சுரேஷ் நாயுடு, யாவ் ந்யார்கோ, ஷிங்-யி வாங் என்ற மூன்று பொருளியலார் சம்பளப் பதிவுகளையும் அமைச்சகப் பதிவுகளையும் இணைத்து ஆராய்ந்து 2016இல் வெளியிட்டார்கள். ஒப்பந்தம் முடியும் கட்டத்தில் இருந்த தொழிலாளர்களின் உண்மை ஊதியம், அதாவது விலைவாசி ஏற்றத்தைக் கழித்த ஊதியம், 10 விழுக்காட்டுக்கும் மேல் உயர்ந்திருந்தது. முதலாளிகள் அஞ்சியதற்கு மாறாக, அதே நிறுவனத்தில் தொடர்ந்தவர்களின் எண்ணிக்கையும் கூடியிருந்தது. வேறு நிறுவனத்துக்கு மாறியவர்கள் கூடினார்கள் என்பது உண்மை. ஆனால் முன்பு சலித்துப்போய் நாட்டை விட்டே கிளம்பியவர்கள் அதைவிட அதிகமாகக் குறைந்தார்கள்.

எங்கள் அலுவலகத்திலும் அதைக் கண்ணால் பார்த்தேன். 2011 நடுவில், ஒப்பந்தம் முடியப்போகும் மேசன்கள், ஸ்டீல் ஃபிக்ஸர்கள், வெல்டர்களின் பட்டியலை மேலாளர் என்னிடம் கேட்டு வாங்கினார். அதுவரை அப்படி ஒரு பட்டியலை யாரும் கேட்டதில்லை. ஒவ்வொருவராக அழைத்துப் பேசினார்கள். வெல்டர்களுக்கு 250 திர்ஹம் ஏறியது. இவர்களுடைய திறமை ஒரே மாதத்தில் கூடிவிடவில்லை, எண்ணெய் விலையைப் பார்த்தும் யாரும் கூட்டிக் கொடுக்கவில்லை. கதவு திறந்தது, அவ்வளவுதான். இராமநாதபுரத்து வெல்டரும் அந்தப் பட்டியலில் இருந்தார். உயர்வை வாங்கிக்கொள்ளாமல் வேறு நிறுவனத்துக்கு மாறினார்.

இதே ஆய்வில் எனக்குச் சங்கடமான ஒரு முடிவும் இருக்கிறது, அதை மறைத்துவிட்டு எழுதுவது நேர்மையாகாது. ஏற்கெனவே அங்கிருந்தவர்களின் நிலை உயர்ந்தது. ஆனால் ஊரிலிருந்து புதிதாக ஆள் எடுப்பது குறைந்தது, புதிதாக வந்தவர்களின் சம்பளமும் இறங்கியது. இரண்டு ஆண்டு கழித்து இவன் போய்விடுவான் என்று தெரிந்த முதலாளி, அந்த இரண்டு ஆண்டுக்குள்ளேயே தன் பங்கை எடுத்துக்கொள்ளப் பார்க்கிறார். ஊரில் பாஸ்போர்ட்டோடு காத்திருக்கும் இளைஞனுக்கு இது நட்டம், ஐயமில்லை. இந்த நட்டத்தைக் காட்டித்தான் தடையே இருக்கட்டும் என்று சிலர் வாதிடுகிறார்கள். எனக்கு அது ஏற்புடையதாக இல்லை. பலர் போகட்டும் என்பதற்காகப் போனவர்களைக் கட்டிப்போடுவது என்றால், அந்தக் கூடுதல் வேலைகளின் செலவைக் கட்டப்பட்டவர்களே தங்கள் கூலியிலிருந்து கொடுக்கிறார்கள் என்றுதான் பொருள். தவிர, கதவை இரண்டு ஆண்டு கழித்து மட்டும் திறந்ததால் வந்த சிக்கல் இது. முதல் நாளிலிருந்தே, உரிய முன்னறிவிப்போடு மாறலாம் என்றால் புதியவரின் சம்பளத்தை அப்படி அழுத்தி வைக்க முடியாது.

கட்டிப்போட்ட உழைப்பால் அந்த நாடுகளுக்கும் நட்டமே. 2009இல் துபாயில் கட்டடங்கள் பாதியில் நின்ற மாதங்களில் எங்கள் கேம்ப்பில் நாற்பது பேர் வரை வேலையில்லாமல் படுத்திருந்தார்கள். சாப்பாட்டுக் காசு மட்டும் கிடைத்தது. அதே நேரம் அபுதாபியில் ஆள் தேவைப்பட்ட தளங்கள் இருந்தன. விடுவித்திருந்தால் அவர்கள் உழைத்திருப்பார்கள், அந்த வேலையும் நடந்திருக்கும். ஆனால் அடுத்த ஒப்பந்தம் வந்தால் புதிதாக ஆள் பிடிக்க வேண்டுமே என்று நிறுவனம் அவர்களை 'ரிசர்வ்' என்று வைத்துக்கொண்டது. கூலி மலிவாகவும் ஆள் நகராமலும் இருக்கும் இடத்தில் எந்திரம் வாங்கவும் யாருக்கும் மனம் வராது. ஒரு சின்ன கன்வேயர் செய்யும் வேலைக்கு இருபது பேர் வரிசையாக நின்று செங்கல் கைமாற்றியதை நான் மாதக்கணக்கில் எண்ணியிருக்கிறேன்.

மற்ற நாடுகளைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். பஹ்ரைன் 2009இலேயே முதலாளி சம்மதமில்லாமல் மாறலாம் என்றது, 2011இல் ஓராண்டு வேலை பார்த்திருக்க வேண்டும் என்று பின்வாங்கியது. கத்தார் 2020இல் என்ஓசியை நீக்கியது. 2021 மார்ச்சிலிருந்து 1,000 ரியால் குறைந்தபட்ச ஊதியமும் நடைமுறைக்கு வந்தது. சவூதி 2021 மார்ச்சில் செய்த சீர்திருத்தத்தில் வீட்டு வேலைக்காரர்கள், வீட்டு ஓட்டுநர்கள், ஆடு மேய்ப்பவர்கள், தோட்டக்காரர்கள் ஆகியோரை விட்டுவிட்டார்கள். தனியாக, ஒரே வீட்டில் அல்லது ஒரே பாலைவனக் கொட்டகையில் அகப்பட்டுக்கொண்டு, யாரிடமும் முறையிட முடியாதவர்கள் இவர்கள்தான். கதவு முதலில் திறந்திருக்க வேண்டியதும் இவர்களுக்குத்தான். எழுத்தில் மாறிய இடங்களிலும், ஓடிப்போனவர் என்று முதலாளி ஒரு புகார் கொடுத்தால் தொழிலாளியின் நிலை தலைகீழாகிவிடுகிறது. சவூதியில் இருந்தவர்கள் 'ஹுரூப்' என்ற சொல்லைக் கேட்டாலே இதை உணர்வார்கள்.

நம் பக்கத்தில் என்ன செய்தோம்? 2020 செப்டம்பரில், கொரோனாவால் வேலையிழந்தவர்கள் கூட்டம் கூட்டமாகத் திரும்பிக்கொண்டிருந்த நேரத்தில், வளைகுடா நாடுகளுக்குச் செல்லும் இந்தியத் தொழிலாளர்களுக்கான குறைந்தபட்சப் பரிந்துரை ஊதியத்தை நம் அரசு 30 முதல் 50 விழுக்காடு வரை குறைத்தது. குறைத்தால்தான் மற்ற நாட்டினரோடு போட்டியிட்டு வேலை கிடைக்கும் என்பது சொல்லப்பட்ட காரணம். எதிர்ப்புக்குப் பிறகு 2021 ஜூலையில் அதைத் திரும்பப் பெற்றார்கள். எத்தனை பேரை அனுப்பினோம் என்ற ஒரே கணக்கைப் பார்ப்பதால்தான் இப்படி நடக்கிறது. போனவர் அங்கே நகர முடியுமா என்பது நம் பேச்சுவார்த்தைகளில் முதல் கேள்வியாக இருந்திருந்தால், கூலியைக் குறைத்து வேலை வாங்கும் யோசனையே எழுந்திருக்காது. பத்தாம் வகுப்பு தேறாத 30 வயதுக்குட்பட்ட பெண்கள் வளைகுடா வேலைக்குப் போகக் கூடாது என்ற தடையும் இதே வகையானது. பாதுகாப்புக்கென்று போட்ட தடை அவர்களை விசிட் விசாவில், எந்தப் பதிவிலும் சேராமல் போக வைக்கிறது.

ஏஜென்ட் கட்டணத்துக்கு 30,000 ரூபாயும் அதற்கான வரியும் என்று உச்ச வரம்பு இருக்கிறது. அந்தத் தொகைக்குள் போய்ச் சேர்ந்த ஒருவரையும் எங்கள் கேம்ப்பில் நான் சந்தித்ததில்லை. கடனும் கட்டுப்பட்ட விசாவும் ஒன்றையொன்று தாங்கி நிற்பவை. கடன் இருப்பதால் ஊருக்குத் திரும்ப முடியாது, விசா கட்டியிருப்பதால் முன்னே போக முடியாது. கங்காணியின் கணக்கும் துண்டும் சேர்ந்து செய்ததும் இதையேதான்.

1978இலிருந்து தமிழக அரசுக்கென்றே அயல்நாட்டு வேலைவாய்ப்பு நிறுவனம் ஒன்று இருக்கிறது. அதன் விளம்பரங்களிலும், உரிமம் பெற்ற தனியார் ஏஜென்ட்டுகளின் விளம்பரங்களிலும், சம்பளத்துக்குப் பக்கத்திலேயே, இந்த விசாவில் வேலை மாற முடியுமா, எத்தனை மாதத்துக்குப் பிறகு, யாருடைய சம்மதத்தோடு என்று ஒரு வரி கட்டாயம் அச்சிடப்பட வேண்டும் என்று கேட்கிறேன். இதற்குப் புதிய சட்டமோ நிதியோ தேவையில்லை. இன்று செய்தித்தாளைப் பிரித்தால் 'உணவு, தங்குமிடம் இலவசம், ஓவர்டைம் உண்டு' என்பது வரை எல்லாம் இருக்கிறது, அந்த ஒரு வரி மட்டும் இல்லை.

எங்கள் தெருவில் ஒரு தம்பி அடுத்த மாதம் குவைத்துக்கு ஹவுஸ் டிரைவர் விசாவில் கிளம்புகிறான். அங்கே வீட்டு வேலைக்கு 20ஆம் எண் விசா, கம்பெனி வேலைக்கு 18ஆம் எண் விசா; முன்னதிலிருந்து பின்னதற்கு நினைத்தபடி மாறிவிட முடியாது. மாற வேண்டுமானால் யாருடைய சம்மதம் வேண்டும், எழுத்தில் தருவீர்களா என்று ஏஜென்ட்டிடம் கேட்டு வரச் சொன்னேன். நேற்று மாலை வந்து சொன்னான்: "கேட்டேன் அண்ணே. அதெல்லாம் அங்க போய்ப் பாத்துக்கலாம், இங்க பத்துப் பேரு வரிசையில நிக்கிறாங்கன்னு சொல்லிட்டாரு." முன்பணம் கட்டிய ரசீதை என்னிடம் காட்டினான். 40,000 ரூபாய் என்று எழுதியிருந்தது. எதற்காக என்று எழுதியிருக்கவில்லை.