கேலி யார் மேல் விழுகிறது?

எங்கள் மண்டபம், பாம்பன் பக்கம் கல்யாண வீட்டில் பேசாத பச்சை கிடையாது. மதினிமார் மாப்பிள்ளையைச் சுற்றி உட்கார்ந்துவிட்டால் பேச்சு முதலிரவு வரைக்கும் போகும். பெரியவர்கள் காதில் விழாத மாதிரி வெற்றிலை மடித்துக்கொண்டிருப்பார்கள். அதையே ஒரு பெண் நாலு கட்டம் போட்டுப் படமாக வரைந்தால் மட்டும் குடும்ப மானம் போய்விடுகிறது.

ஒன்றுவிட்ட அக்கா மகள் வரைந்த காமிக்ஸ் ஒன்று குடும்ப வாட்ஸ்அப் குரூப்புக்கு வந்து சேர்ந்தது. முதல் கட்டத்தில் அம்மா போட்டோக்களைப் பரப்பிவைத்து மீன் ஏலக்காரர் மாதிரி கூவுகிறாள்: "துபாய் மாப்பிள்ளை, சிங்கப்பூர் மாப்பிள்ளை, சொந்த போட்டு மாப்பிள்ளை!" அடுத்ததில் மகள், "மாப்பிள்ளையே வேணாம்மா. எனக்கு ஒரு பொண்ணைத்தான் பிடிச்சிருக்கு." மூன்றாவதில் வசனமே இல்லை, அம்மாவின் முகம் மட்டும். கடைசியில் அம்மா கேட்கிறாள்: "அது சரி, பொண்ணு நம்ம ஆளுகதானா?"

வாய்விட்டுச் சிரித்தேன். சூட்சுமம் அந்த மூன்றாவது கட்டத்தில்தான் இருக்கிறது. மேடையில் என்றால் அடுத்த வசனம் உடனே வந்துவிடும். காமிக்ஸில் எவ்வளவு நேரம் நிற்பது என்பது நம் இஷ்டம். அம்மா அழப்போகிறாளா, அடிக்கப்போகிறாளா என்று பார்த்துக்கொண்டிருந்தால் சாதி வந்து நிற்கிறது. மிகை என்று தள்ளவும் முடியாது. 2015இல் மும்பையில் ஒரு தாய் தன் மகனுக்கு மாப்பிள்ளை தேடிப் பத்திரிகையில் விளம்பரம் கொடுத்தார். சாதி தடையில்லை, ஆனால் ஐயர் என்றால் நல்லது என்று அதில் இருந்தது.

நம் சினிமா காமெடியில் பொம்பளை நடை நடக்கிற ஆம்பளைதான் காலம்காலமாக அடி வாங்கினான். இந்த மாதிரி காமிக்ஸில் அடி வாங்குவது தரகரும், சீர்வரிசைக் கணக்கும், "வயசு ஏறுதே" என்கிற அத்தைகளும். (வெறும் இரட்டை அர்த்தத்தை வைத்து ஓட்டுகிற காமிக்ஸும் நிறைய இருக்கின்றன, அது வேறு கதை.) 1993இல் கனடாவின் லின் ஜான்ஸ்டன் தன் குடும்பக் காமிக்ஸ் தொடரில், பக்கத்து வீட்டுப் பையன் ஒருவன் தனக்கு ஆண்களைத்தான் பிடிக்கும் என்று வீட்டில் சொல்வதாக வரைந்தார். சில பத்திரிகைகள் தொடரையே நிறுத்தின. வாசகர்களுக்கு அவன் வருடக்கணக்காகத் தெரிந்த பிள்ளை. முன்பின் தெரியாதவன் என்றால் இவ்வளவு கோபம் வந்திருக்காது என்பது என் எண்ணம். அடுத்த வருடம் அந்தக் கதைக்காகவே அவர் பெயர் அமெரிக்காவின் பெரிய பத்திரிகை விருதான புலிட்சரின் இறுதிப் பட்டியலுக்கு வந்தது.

இங்கே 2018இல் உச்ச நீதிமன்றம் ஒருபால் உறவு குற்றமில்லை என்றது. 2023இல் அவர்கள் கல்யாணத்தை மட்டும் அங்கீகரிக்க மறுத்தது. எங்கள் அத்தைமார் தீர்ப்பு நேர் எதிர்: "நீ என்னமும் இருந்துட்டுப் போ, ஊருக்கு ஒரு கல்யாணத்தை மட்டும் பண்ணிரு." அப்படி நடக்கிற கல்யாணத்தில் ஒன்றும் தெரியாமல் வந்து மாட்டுகிற இன்னொரு வீட்டுப் பிள்ளையைப் பற்றி யாரும் வாய் திறப்பதில்லை.

அடுத்து அதை வரையச் சொல்லி மருமகளிடம் கேட்டிருக்கிறேன். முதல் காமிக்ஸைப் பார்த்ததுமே, சின்னப் பிள்ளைகள் இருக்கிற குரூப், உடனே அழி என்று ஒரு மாமா குதித்தார். தரகருக்கு முகம் வேண்டுமென்றால் அவரையே வரைந்துகொள் என்றும் சொல்லிவைத்திருக்கிறேன்.