ஹைல்பிரான் கோப்பையும் நாம் இன்னும் போடாத செம்மண் களங்களும்

2024 ஜூன் 9, ஞாயிற்றுக்கிழமை. பாரிஸில் பிரெஞ்சு ஓபன் ஆடவர் இறுதியாட்டம். கார்லோஸ் அல்கராஸ் ஐந்து செட்கள் போராடி அலெக்சாண்டர் ஸ்வெரெவை வென்ற அந்த ஆட்டத்தைப் பற்றி வாரக்கணக்கில் பேசினோம். அதே ஞாயிற்றுக்கிழமை, ஜெர்மனியில் நெக்கார் ஆற்றங்கரையில் இருக்கும் ஹைல்பிரான் என்னும் ஊரில், அதே செங்கல் நிறத் தரையில் இன்னோர் இறுதியாட்டமும் நடந்தது. ஹரியானாவின் ஜஜ்ஜரைச் சேர்ந்த சுமித் நாகல், சுவிட்சர்லாந்தின் அலெக்சாண்டர் ரிட்ஷார்டை 6-1, 6-7, 6-3 என்ற கணக்கில் வென்று நெக்கார் கோப்பையைக் கையில் ஏந்தினார். பாரிஸ் ஒலிம்பிக்கின் ஒற்றையர் பிரிவுக்குக் கணக்கில் கொள்ளப்பட்ட தரவரிசை அதற்கு மறுநாள்தான் வெளியாக இருந்தது. 95-ஆம் இடத்தில் இருந்த நாகல் 77-ஆம் இடத்துக்கு ஏறினார். ஒலிம்பிக் வாய்ப்பும் அதோடு வந்து சேர்ந்தது. மறுநாள் செய்தித்தாளில் அந்த வெற்றியைத் தேடிப் பார்த்தேன். விளையாட்டுப் பக்கத்தின் அடியில் நான்கு வரிகளில் இருந்தது.

அந்த நான்கு வரிகள்தான் இதை எழுத வைத்தன. சேலஞ்சர் போட்டி என்றாலே "இரண்டாம் தரப் போட்டி" என்று சொல்லி நகர்ந்துவிடும் பழக்கம் டென்னிஸை நேசிப்பவர்களிடமே இருக்கிறது. நம் நாட்டு ஆடவர் ஒற்றையர் டென்னிஸின் தலையெழுத்து ஐரோப்பாவின் சிற்றூர்களில், செம்மண் களங்களில்தான் பெரும்பாலும் முடிவாகிறது என்பது என் உறுதியான கருத்து. அப்படியிருந்தும் அந்தப் போட்டிகளை நாம் பார்ப்பதில்லை. அந்தத் தரையை நம் ஊரில் போடவும் முன்வருவதில்லை.

அமைப்பு எளிமையானதுதான். டென்னிஸின் நான்கு பெரும் போட்டிகளான கிராண்ட்ஸ்லாம்களும், ஆடவர் தொழில்முறை டென்னிஸ் அமைப்பான ஏடிபியின் சுற்றுப் போட்டிகளும் மேல்தளம் என்றால், அதற்கு நேர் கீழே இருக்கும் தளம் சேலஞ்சர் சுற்று. 50, 75, 100, 125, 175 என்று பட்டம் வெல்பவருக்குக் கிடைக்கும் தரவரிசைப் புள்ளிகளாலேயே அதன் படிநிலைகளுக்குப் பெயர். ஹைல்பிரான் 100 வகையைச் சேர்ந்தது. பிரதான சுற்றில் 32 பேர் ஆடுகிறார்கள், பட்டம் வெல்ல ஐந்து ஆட்டங்கள் வெல்ல வேண்டும். பிரெஞ்சு ஓபனின் இரண்டாம் வாரத்தில் இது நடப்பதால், பாரிஸில் முதல் சுற்றுகளில் தோற்றவர்களில் பலர் பெட்டியைக் கட்டிக்கொண்டு நேரே இங்கே வருகிறார்கள். நாகலும் அப்படித்தான் வந்தார். பாரிஸில் முதல் சுற்றிலேயே கரேன் கச்சனோவிடம் தோற்றிருந்தார். அந்த ஒரு தோல்விக்கு, முதல் சுற்றில் தோற்பவர்களுக்கு உரிய 73,000 யூரோ அவருக்குக் கிடைத்தது. ஹைல்பிரானில் ஐந்து பேரை வரிசையாக வென்றவருக்கு அதில் பாதிகூட வராது.

தரவரிசையில் நூறுக்கும் இருநூற்றைம்பதுக்கும் இடையே இருப்பவர்களின் வாழ்க்கைக் கணக்கு இப்படித்தான் ஓடுகிறது. பிரதான சுற்றில் ஆடுபவருக்குத் தங்கும் அறையைப் போட்டி நடத்துபவர்கள் தருகிறார்கள். விமானச் சீட்டும், பயிற்சியாளரின் ஊதியமும், அவருடைய பயணச் செலவும் ஆட்டக்காரரின் தலையில்தான். 2023 செப்டம்பரில், இந்தியாவின் முதல்நிலை ஒற்றையர் வீரராக இருந்த நிலையில், தன் வங்கிக் கணக்கில் ஏறத்தாழ 900 யூரோதான் இருக்கிறது என்று நாகல் வெளிப்படையாகச் சொன்னார். ஒரே ஒரு பயிற்சியாளரோடு ஓராண்டு பயணம் செய்ய எண்பது லட்சம் முதல் ஒரு கோடி ரூபாய் வரை ஆகிறது என்றும் சொன்னார். அதைப் படித்த இரவு எனக்குத் தூக்கம் வரவில்லை. அந்த ஆண்டு ஏப்ரலில்தான், தரவரிசையில் முந்நூறுக்கும் வெளியே இருந்துகொண்டு, ரோமில் செம்மண் சேலஞ்சர் பட்டத்தை வென்று, ஐரோப்பியக் களிமண்ணில் சேலஞ்சர் வென்ற முதல் இந்தியர் என்று பெயர் பெற்றிருந்தார். ஜூலையில் பின்லாந்தின் டாம்பெரேயிலும் வென்றார், அதுவும் செம்மண்தான். ஓராண்டில் இரண்டு பட்டம் வென்ற ஒருவரிடம் மிஞ்சியது அவ்வளவுதான் என்றால், அந்தத் தளத்தின் பணப் பங்கீட்டில் பெரிய கோளாறு இருக்கிறது. 2024 முதல், முதல் நூறு இடங்களில் இருப்பவர்களுக்கு 3,00,000 டாலர், 175 வரை 1,50,000 டாலர், 250 வரை 75,000 டாலர் என்று ஏடிபி குறைந்தபட்ச வருமான உறுதி கொடுக்கத் தொடங்கியதை மனமார வரவேற்கிறேன். எப்போதோ வந்திருக்க வேண்டிய ஏற்பாடு அது.

இனி அந்தத் தரையைப் பற்றிச் சொல்ல வேண்டும். செம்மண் என்றும் களிமண் என்றும் நாம் எழுதுவது ஒரே ஆடுகளத்தைத்தான்; பெயரில் மண் இருக்கிறதே தவிர, அதன் மேற்பரப்பில் இருப்பது பொடித்த செங்கல். நம் பழைய வீடுகளின் மொட்டைமாடித் தளத்துக்குச் சுண்ணாம்போடு கலந்தார்களே, அந்தச் சுர்க்கிதான். ஒன்றிரண்டு மில்லிமீட்டர் கனத்துக்குத்தான் அது இருக்கும். அதன் கீழே சுண்ணாம்புக்கல் தூள், அதன் கீழே நிலக்கரிக் கசடு, சரளை என்று அடுக்குகள். நீரை வாங்கி வைத்துக்கொண்டு மெல்ல விடும் அந்த அடுக்குகளால்தான் மேல் பொடி பறந்து போகாமல் நிற்கிறது. சேலஞ்சர் ஆட்டங்கள் இணையத்தில் இலவசமாக ஒளிபரப்பாகின்றன. நான் அவற்றைப் பார்க்க உட்கார்ந்தால், செட் முடிந்ததும் நடக்கும் வேலையை ஒருமுறையும் தவற விடுவதில்லை. பணியாளர் ஒருவர் அகலமான வலைப் பாயை இழுத்துக்கொண்டு களத்தின் ஓரத்திலிருந்து சுற்றிச் சுற்றி நடுவை நோக்கி வருவார். சறுக்கிய தடம், கால் ஊன்றிய பள்ளம், பந்து விழுந்த வடு எல்லாம் அந்தப் பாயின் பின்னால் அழிந்து, தரை மறுபடியும் புதிதாகும். இன்னொருவர் வெள்ளைக் கோடுகளைத் துடைப்பத்தால் கூட்டுவார். வெயில் ஏறிவிட்டால் குழாயைப் பிடித்து நீர் தெளிப்பார்கள். நாற்காலியில் இருக்கும் ஆட்டக்காரர் மட்டையால் காலணியின் அடியைத் தட்டுவார். செங்கல் தூள் உதிரும். வெள்ளைக் காலுறை கணுக்கால் வரை காவி நிறத்தில் இருக்கும்.

இந்தத் தரை ஆட்டக்காரரை வேறு விதமாக வளர்க்கிறது. பந்து விழும்போது பொடியில் உராய்ந்து வேகம் குறைகிறது, கூடவே உயரமாகவும் எழும்புகிறது. கடினத் தரையில் ஒரே அடியில் முடிந்திருக்கும் பந்தை இங்கே எதிராளி ஓடிப் போய் எடுத்துவிடுவார். ஆகவே ஒரு புள்ளியைக் கட்டியெழுப்ப வேண்டியிருக்கிறது: எதிராளியை ஒரு மூலைக்கு இழுத்து, அடுத்த அடியில் பின்னுக்குத் தள்ளி, அவர் நன்றாகப் பின்வாங்கிய நேரம் பார்த்து வலையோரம் மெல்லத் தட்டிவிடும் ஒரு டிராப் ஷாட்டைப் போட வேண்டும். சர்வீஸ் மட்டுமே பலமாக உள்ளவர் இங்கே தேறுவது கடினம். சராசரி உயரமும், பெரிய வேகமில்லாத சர்வீசும், அசாத்தியமான கால்களும் கொண்ட நாகலைப் போன்றவருக்கு இது தாய்வீடு. 2024 ஏப்ரலில் மான்டே கார்லோவில் தகுதிச் சுற்றைத் தாண்டி வந்து மாட்டியோ அர்னால்டியை வென்று, களிமண்ணில் நடக்கும், கிராண்ட்ஸ்லாமுக்கு அடுத்த நிலையான மாஸ்டர்ஸ் 1000 போட்டியின் பிரதான சுற்றில் ஒற்றையர் ஆட்டம் வென்ற முதல் இந்தியர் அவர்தான். இங்கே கற்றது மற்ற தரைகளிலும் உதவுகிறது. அதே ஆண்டு ஜனவரியில் ஆஸ்திரேலியாவின் கடினத் தரையில் அவர் அலெக்சாண்டர் புப்லிக்கை வென்றார். 1989-இல் நம் ரமேஷ் கிருஷ்ணன் மாட்ஸ் விலாண்டரை அதே ஆஸ்திரேலிய ஓபனில் வென்ற பிறகு, கிராண்ட்ஸ்லாம் ஒற்றையரில் தரநிலை (சீடிங்) பெற்ற வீரரை வென்ற இந்தியர் அதுவரை யாரும் இல்லை.

சென்னைக்காரர்களுக்கு இந்தச் சுற்றோடு இன்னும் நெருக்கமான தொடர்பு உண்டு. பிரஜ்னேஷ் குணேஸ்வரன் நம் ஊர்க்காரர், இடக்கை ஆட்டக்காரர். முழங்கால் காயத்தால் இளமையின் பல ஆண்டுகளை இழந்தவர். 2018-இல் சீனாவின் ஆனிங்கில் நடந்த செம்மண் சேலஞ்சரில் எகிப்தின் முகமது சஃப்வாத்தை வென்று தன் முதல் சேலஞ்சர் பட்டத்தைப் பெற்றார். அடுத்து பிரெஞ்சு ஓபன் தகுதிச் சுற்றில் ஆடித் தோற்றார். தகுதிச் சுற்றில் தோற்றவர்களுக்கு ஒரு கடைசி நம்பிக்கை உண்டு. பிரதான சுற்றிலிருந்து யாராவது விலகினால் அந்த இடம் அவர்களில் ஒருவருக்குப் போகும். ஆனால் அதற்காகக் காத்திருக்கும் நாட்களில் அடுத்த வாரச் சேலஞ்சர் கைவிட்டுப் போகும். பிரஜ்னேஷ் இத்தாலியின் விசென்சாவில் நடந்த செம்மண் சேலஞ்சருக்குப் போய்விட்டார். அந்தச் சமயத்தில் நிக் கிர்கியோஸ் காயத்தால் விலகினார். இடம் பிரஜ்னேஷுக்கு வர வேண்டியது. அவர் விசென்சாவில் இருந்ததால் அடுத்தவருக்குப் போனது. அந்த அடுத்தவர், அர்ஜென்டினாவின் மார்ட்டின் டிருங்கெலிட்டி, பார்சிலோனாவில் இருந்தார். வாடகைக் காரில் பாட்டி, அம்மா, தம்பி மூவரையும் ஏற்றிக்கொண்டு பத்து மணி நேரம் ஓட்டி நள்ளிரவு நெருங்கும்போது பாரிஸ் வந்து சேர்ந்து, மறுநாள் காலை பெர்னார்ட் டாமிக்கை வென்றார். உலகப் பத்திரிகைகள் எல்லாம் அந்தப் பாட்டியின் படத்தைப் போட்டன.

எனக்கோ அந்தக் கதையில் விசென்சாவில் இருந்தவரின் முகம்தான் தெரிந்தது. அதுவரை எந்த கிராண்ட்ஸ்லாமிலும் பிரதான சுற்றில் ஆடியிராத, 28 வயதான ஒருவர். அவர் எடுத்தது தவறான முடிவு என்று சொன்னவர்களை நான் அறிவேன். அவர்களோடு அன்றும் உடன்படவில்லை, இன்றும் உடன்படவில்லை. வருமா வராதா என்று தெரியாத இடத்துக்காகக் காத்திருக்கும் வசதி, சேலஞ்சர் புள்ளிகளைக் கொண்டு பிழைப்பவருக்குக் கிடையாது. அவர் வேலைக்குப் போனார், அவ்வளவுதான். ஏழு மாதம் கழித்து, 2019 ஜனவரியில், ஆஸ்திரேலிய ஓபனில் தகுதிச் சுற்றைத் தாண்டித் தன் கால்களாலேயே பிரதான சுற்றுக்குள் நுழைந்தார். அந்த ஆண்டு ஏப்ரலில் 75-ஆம் இடத்தைத் தொட்டார்.

அல்கராஸை எடுத்துக்கொள்ளுங்கள். 2020-இல், 17 வயதில், ட்ரியெஸ்டே, பார்சிலோனா, அலிகான்டே என்று மூன்று சேலஞ்சர் பட்டங்கள், மூன்றும் செம்மண். 2022 செப்டம்பரில் உலகின் முதலிடம். இன்று இத்தாலி இத்தனை ஆட்டக்காரர்களை உருவாக்குகிறதே என்று வியப்பவர்கள், ஆண்டுதோறும் அந்நாட்டின் சிற்றூர்களில் நடக்கும் சேலஞ்சர்களை எண்ணிப் பார்க்க வேண்டும். அங்கே ஓர் இளைஞன் முதல் புள்ளிகளைத் தன் மொழி பேசும் ஊரில், ரயிலில் போய்வரும் தூரத்தில் பெற முடிகிறது.

நம்மிடம் 2024-இல் சென்னை, பெங்களூரு, புணே, டெல்லி என்று நான்கு சேலஞ்சர்கள் நடந்தன. நான்கும் கடினத் தரையில். நுங்கம்பாக்கத்தில் நாகல் லூக்கா நார்டியை வென்று முதல்முறையாக முதல் நூறுக்குள் போன நாளில் நான் அரங்கில் இருந்தேன். அந்த மகிழ்ச்சியைக் குறைத்துச் சொல்லவில்லை. ஆனால் அடுத்த தலைமுறைப் பிள்ளைகள் பத்து வயதிலிருந்து கடினத் தரையில் மட்டுமே ஆடிவிட்டு, 19 வயதில் ஐரோப்பாவுக்குப் போய்ச் சறுக்கக் கற்றுக்கொள்ள வேண்டியிருக்கிறது. அங்கே உள்ள பையனுக்கு அது நடை பழகும்போதே வந்த பழக்கம்.

ஆகவே என் கோரிக்கை: சென்னையில் ஆறு செம்மண் களங்களாவது அரசு செலவில் போட வேண்டும், அவற்றில் பிப்ரவரியில் ஒரு சேலஞ்சர் நடத்த வேண்டும். அதே மாதத்தில்தான் புவனோஸ் ஐரிஸிலும் ரியோவிலும் ஏடிபி சுற்றே களிமண்ணில் நடக்கிறது. ஆகவே அந்தத் தரைக்காரர்கள் எவரும் வரமாட்டார்கள் என்று சொல்வார்கள். தென்னமெரிக்கா வரை போகச் செலவு செய்ய முடியாத ஐரோப்பியர்களும் ஆசியர்களும் ஏராளம். மழையைச் சொல்வார்கள், பிப்ரவரியும் மார்ச்சும் நமக்கு வறண்ட மாதங்கள். பராமரிப்பையும் நீரையும் சொல்வார்கள், அது நியாயமான கவலைதான். தினமும் நீர் தெளிக்காவிட்டால் அந்தத் தரை ஒரு வாரத்தில் புழுதிக்காடாகிவிடும். சுத்திகரித்த கழிவுநீரைத் தொழிற்சாலைகளுக்குக் குழாயில் அனுப்பும் நகரம் இது. அதில் சிறு பங்கை ஆறு களங்களுக்குத் திருப்புவது முடியாத காரியம் இல்லை. செங்கலுக்கோ குறையே இல்லை. திருவள்ளூர் பக்கம் போனால் சூளைக்குச் சூளை உடைந்த கல் குவிந்து கிடக்கிறது. வேண்டியது, அதைச் சரியான பருமனில் அரைத்து, அடுக்கு அடுக்காகப் போட்டு, தினமும் பாய் இழுக்கத் தெரிந்த பத்துப் பணியாளர்களும் அவர்களுக்கு ஒழுங்கான சம்பளமும்.

ஹைல்பிரானில் கோப்பை வாங்கிய நாகல் ஒரு வாரம்கூட ஓய்வெடுக்கவில்லை. இத்தாலியின் பெருஜியாவுக்குப் போனார், அடுத்த ஞாயிற்றுக்கிழமையே அங்கும் இறுதியாட்டம் ஆடினார், லூசியானோ தார்தெரியிடம் தோற்றார். ஜூலையில் 68-ஆம் இடத்தைத் தொட்டார். சேலஞ்சர் புள்ளிகளுக்கு ஆயுள் ஓராண்டுதான். அவற்றைக் காக்க முடியாமல் 2025-இல் மீண்டும் நூறுக்கு வெளியே போனார். அவரைப் பார்க்க விரும்புபவர்கள் ஏடிபி தளத்தின் சேலஞ்சர் நேரலைக்குப் போகலாம், கட்டணம் கிடையாது. ஐரோப்பாவில் கோடைக்காலம் என்றால் ஆட்டம் நம் பிற்பகலில் தொடங்கும். அடுத்த முறை நம் ஆட்டக்காரர் ஒருவர் ஏதோ ஓர் ஊரின் செம்மண்ணில் ஆடும்போது நேரலை இணைப்பை இங்கே பகிர்கிறேன், முடிந்தவர்கள் வாருங்கள்.