பழைய வெப்பநிலைப் பதிவுகளைத் திருத்துவது பற்றி

"பழைய அளவீடுகளைத் திருத்தித்தான் புவி வெப்பமாதலையே உருவாக்கினார்கள்" என்கிறீர்கள். திருத்துகிறார்கள் என்பது சரி, அதை யாரும் மறைக்கவில்லை. மற்றது தலைகீழ்.

புவிப் பரப்பில் ஏறக்குறைய 71 சதவீதம் கடல். அந்தக் காலத்தில் கப்பலிலிருந்து வாளியை இறக்கி நீரை மொண்டு, அதில் வெப்பமானியை வைத்துப் பார்ப்பார்கள். கித்தான் வாளி என்றால், அளந்து முடிப்பதற்குள் நீர் ஆவியாகிக் கொஞ்சம் குளிர்ந்துவிடும். பின்னாளில் எஞ்சினைக் குளிர்விக்க உள்ளிழுக்கும் நீரை அளந்தார்கள். அது சற்றுச் சூடாகவே காட்டும். இரண்டையும் அப்படியே ஒட்டவைத்தால் வெப்ப உயர்வு உள்ளதைவிடப் பெரிதாகத் தெரியும். அதனால் பழைய வாளி அளவுகளைக் கொஞ்சம் கூட்டுகிறார்கள். விளைவு, உலகச் சராசரியில் நீண்டகால உயர்வு குறைகிறது. மிகைப்படுத்த நினைப்பவர் செய்கிற வேலையா இது?

அமெரிக்க நிலப் பதிவுகளில் திருத்தம் உயர்வைக் கூட்டுகிறது, உண்மைதான். பல நிலையங்களில் அளக்கும் நேரம் மாலையிலிருந்து காலைக்கு மாறியது அதற்கு ஒரு முக்கியக் காரணம். (இந்த அமெரிக்கத் திருத்தத்தைக் காட்டும் வரைபடம் மட்டும்தான் சுற்றிச் சுற்றி வருகிறது.)

அப்புறம், "பிழை வரம்பு போட்டாலே தெரியாது என்றுதானே அர்த்தம்" என்ற உங்கள் வரி. ஐ.நா.வின் காலநிலை அறிவியல் குழுவான ஐபிசிசியின் 2021 அறிக்கைப்படி, 1850–1900 சராசரியைவிட 2011–2020இல் உயர்வு 1.09 டிகிரி செல்சியஸ், உண்மையான உயர்வு பெரும்பாலும் இருக்கக்கூடிய வரம்பு 0.95 முதல் 1.20 வரை. அதன் கீழ் எல்லைகூடப் பூஜ்ஜியத்துக்குப் பக்கத்தில் இல்லை.