தங்கத்துக்கு முன்னால் மனை போட்டவர்

எங்களுடையது பத்திரம் எழுதிப் பிழைத்த குடும்பம். அப்பா பக்கத்தில் உட்கார்ந்து நான்கெல்லை எழுதிப் பழகியதாலோ என்னவோ, எந்த ஊரின் வரலாற்றைப் படித்தாலும் 'இடம் யார் பேரில் இருந்தது?' என்றுதான் முதலில் தேடுவேன். சில மாதங்களாகக் கனடாவின் வடமேற்கு மூலையில் இருக்கிற டாசன் நகரத்தைப் பற்றிப் படித்துக்கொண்டிருக்கிறேன். அந்த ஊரை உண்டாக்கிய க்ளோண்டைக் தங்க வேட்டை என்று தேடினால் எங்கும் ஒரே படம்தான் வருகிறது: பனிமலையில் எறும்புச்சாரை போல ஆட்கள் மூட்டையோடு ஏறுகிறார்கள். அருமையான படம், மறுக்கவில்லை. ஆனால் அந்தச் சாரை கிளம்பும் முன்பே டாசனில் நடக்க வேண்டியதெல்லாம் நடந்து முடிந்துவிட்டது என்பது என் கட்சி.

1896 ஆகஸ்ட். க்ளோண்டைக் ஆற்றில் வந்து விழும் ஓர் ஓடைக்கரையில் தங்கம் கண்ணில் பட்டது. அங்கே இருந்தவர்கள் ஜார்ஜ் கார்மாக் என்ற வெள்ளைக்காரர், அவர் மனைவி கேட், கேட்டின் சகோதரர் ஸ்கூகும் ஜிம், அவர்களுடைய சகோதரி மகன் டாசன் சார்லி. கார்மாக்கைத் தவிர மற்றவர்கள் டாகிஷ் பழங்குடியினர். முதலில் பார்த்தது யார்? கடைசிவரை 'நான்தான்' என்றார் கார்மாக். ஜிம்தான் பார்த்தார் என்கிறார்கள் ஜிம்மின் சொந்தக்காரர்கள். கண் விஷயம் அப்படிக் கிடக்கட்டும், காகித விஷயத்துக்கு வருவோம். தங்கம் தோண்ட உரிமையாகத் தரும் நிலத்தில், கண்டுபிடித்தவருக்கு இரண்டு துண்டு, கூட வந்தவர்களுக்கு ஆளுக்கு ஒன்று என்பது விதி. கார்மாக் ஒரு சிறு மரத்தின் பட்டையைச் செதுக்கி, 'இங்கிருந்து மேல்நோக்கி ஐந்நூறு அடி என்னுடையது' என்ற பொருளில் பென்சிலால் எழுதி வைத்தார். பழங்குடி ஆள் பேரில் 'கண்டுபிடிப்பு' பதிவாகாது என்று ஜிம்மிடம் சொல்லி, முதல் துண்டைத் தன் பேரிலேயே போட்டுக்கொண்டார். ஜிம்முக்கும் சார்லிக்கும் பக்கத்துத் துண்டுகள் கிடைத்தன. அவையும் தங்கம் விளைந்தவைதான், பட்டினி ஒன்றும் இல்லை. ஆனால் வரலாற்றில் முதல் வரி கார்மாக் பேருக்குப் போய்விட்டது. பென்சில் யார் கையில் இருந்ததோ அவர் பேருக்கு.

இந்தக் கதையில் எனக்கு ரொம்பப் பிடித்த ஆள் ஜோ லடூ. அறுபதாம் மைல் என்ற இடத்தில் கடையும் மர அறுவை மில்லும் வைத்திருந்த வியாபாரி. தங்கச் செய்தி கேட்டு எல்லோரும் ஓடைக்கு ஓடினார்கள். இவர் ஓடை பக்கமே போகவில்லை. க்ளோண்டைக் ஆறும் யூகான் ஆறும் கூடுகிற இடத்தில் இருந்த சதுப்பு நிலத்தைப் பார்த்து, இங்கேதான் ஊர் வரும் என்று கணக்குப் போட்டார். நூற்றி அறுபது ஏக்கருக்கு மனு எழுதினார். பதிவு செய்யக் கிளம்பிய வழியில் 'பலகை வேண்டும்' என்று ஒருவர் எதிரில் வர, மனுவை வேறொருவர் கையில் கொடுத்தனுப்பிவிட்டு மில்லுக்குத் திரும்பினார். யோசித்துப் பாருங்கள், தங்கத்தைக் கழுவ மரத்தொட்டி வேண்டும், தொட்டிக்குப் பலகை வேண்டும், ஆளுக்குக் கூரை வேண்டும். பலகையும் மனையும் ஒரே ஆள் கையில். ஊருக்கு ஜார்ஜ் டாசன் என்ற நிலவியல் நிபுணரின் பேரைச் சூட்டினார். முதலில் சில டாலருக்குப் போன மனை, இரண்டே வருடத்தில் ஆற்றோரத் தெருவில் ஆயிரக்கணக்கில் விலை பேசியது. ஏரிக்குள் மனை போட்டு விற்கிறவர்களை நமக்குத் தெரியும். லடூ விற்றதும் அதே ரகம்தான். 1898 கோடையில் அந்தச் சேற்றில் டைபாய்டு பரவி ஆட்கள் கொத்துக் கொத்தாக விழுந்தார்கள். லடூவும் நெடுநாள் அனுபவிக்கவில்லை. 1901-இல் காசநோயில் போய்ச் சேர்ந்தார்.

சரி, அளவைக்கு வருகிறேன். நான் இதை எழுத உட்கார்ந்ததே இதற்காகத்தான். ஓடைக்கரையில் அவசரத்தில் கால்நடையாக அளந்து முளை அடித்தவர்களுக்குள் தகராறு வரத்தானே செய்யும்? வில்லியம் ஓகில்வி என்ற அரசு சர்வேயர் அங்கே இருந்தார். 1897 தொடக்கத்தில், எல்லாம் உறைந்து கிடக்கிற குளிரில், ஒவ்வொரு துண்டையும் சங்கிலி போட்டு அளந்தார். ஒரு துண்டு விதித்த ஐந்நூறு அடியைத் தாண்டியிருந்தது. மிச்சம் 86 அடி. பட்டா இல்லாத ஒரு கீற்று. அரசு ஆள் என்பதால் ஓகில்வி அதைத் தொட முடியாது. அவருக்குச் சங்கிலி பிடித்த டிக் லோ என்பவர் கேட்டார். இதை எடுத்தால் வேறு நல்ல துண்டு எடுக்கும் உரிமை போய்விடுமே என்று தயங்கித் தயங்கித்தான் எடுத்தார். பிறகு 900 டாலருக்கு விற்றுவிடலாம் என்று அலைந்திருக்கிறார். வாங்க ஆளில்லை. வேறு வழியில்லாமல் தானே தோண்டினார். முதல் குழியில் ஒன்றும் இல்லை. அடுத்த குழியிலிருந்து கொட்ட ஆரம்பித்தது. அந்தக் கீற்றிலிருந்து வந்தது ஐந்து லட்சம் டாலர் வாக்கில் என்கிறார்கள். க்ளோண்டைக்கிலேயே, அளவைப் பார்த்தால், அதைவிட வளமான மண் கிடையாது. பக்கத்துத் துண்டுக்காரர் அன்றைக்கு முளையைக் கொஞ்சம் குறைத்து அடித்திருந்தால் அந்த 86 அடி வேறு இடத்தில் விழுந்திருக்கும். சர்வே சங்கிலியின் ஒரு முனையைப் பிடித்திருந்ததற்குக் கிடைத்த சம்பளம்!

இதெல்லாம் முடிந்த பிறகுதான் உலகத்துக்கே செய்தி தெரியும். 1897 ஜூலையில் சான் பிரான்சிஸ்கோவிலும் சியாட்டிலிலும் தங்கத்தோடு இரண்டு கப்பல்கள் வந்து நின்றன. சுமார் ஒரு லட்சம் பேர் கிளம்பினார்கள் என்பது பொதுவான கணக்கு. ஒரு வருடத்துச் சாப்பாடு கையில் இல்லாதவரைக் கனடா போலீஸ் எல்லைக்குள் விடவில்லை. தட்டுமுட்டுச் சாமானோடு சேர்த்து ஆளுக்கு ஒரு டன். டாசன் போகிற வழியில், சில்கூட் கணவாயில் பனியில் வெட்டிய ஆயிரத்து ஐந்நூறு படி. ஒரு டன்னை ஒரே நடையில் தூக்க முடியுமா? முப்பது நாற்பது தடவை ஏறி இறங்கினார்கள். முப்பது நாற்பதாயிரம் பேர் டாசன் வந்து சேர்ந்தபோது ஓடைகளில் நல்ல துண்டு ஒன்றுகூட மிச்சமில்லை. அந்தப் புகழ்பெற்ற படத்தில் ஏறுகிறவர்களில் பெரும்பாலோர், விற்றுத் தீர்ந்த லேஅவுட்டுக்கு டன் கணக்கில் சாமான் சுமந்துகொண்டு போகிறார்கள். அதைத் தெரிந்துகொண்டு பார்த்தால் படம் வேறு மாதிரி இருக்கிறது.

வந்தவர்களில் விவரமானவர்கள் தோண்டவே இல்லை. பெலிண்டா மல்ரூனி என்ற பெண் துணியும் வெந்நீர்ப் பைகளும் கொண்டுவந்து பல மடங்கு லாபத்துக்கு விற்றார். அப்புறம் சாப்பாட்டுக் கடை, மரவீடுகள், கடைசியில் 1898-இல் ஃபேர்வியூ என்ற பெரிய ஓட்டல். குளிரில் வெந்நீர்ப் பை விற்கலாம் என்று தோன்றியதே, அந்த மூளைக்கு ஒரு கும்பிடு.

இதுவரை சொன்னதெல்லாம் காலி மனை போலப் படுகிறதல்லவா? காலியில்லை. லடூவின் சதுப்புக்கு எதிரே, க்ளோண்டைக் வந்து சேரும் முனையில், ட்ரொச்செக் என்று ஒரு மீன்பிடி இடம். ட்ரொண்டெக் ஹ்வெச்சின் என்ற பழங்குடி மக்கள் கோடைதோறும் அங்கே சால்மன் பிடிப்பார்கள். ஆற்றில் தடுப்புக் கழி அடிக்கிற சுத்தியல் கல்லை வைத்துத்தான் அந்த ஆற்றுக்கே பேர். வெள்ளைக்காரர் வாயில் அது க்ளோண்டைக் ஆனது. எத்தனை தலைமுறை அனுபவ பாத்தியதை! ஒரு துண்டுக் காகிதம் இல்லை. அவர்கள் தலைவர் ஐசக் 1897-இல் தன் மக்களை ஆற்றின் கீழே ஐந்து கிலோமீட்டர் தள்ளி மூஸ்ஹைடுக்குக் கூட்டிக்கொண்டு போனார். மீன் காய்ந்த அந்த இடத்துக்கு, தங்கம் தேடி வந்தவர்கள் வைத்த பட்டப்பேர் 'பேன் ஊர்'. படிக்கும்போது எனக்குக் கோபம் வந்தது. வந்து குவிந்த இந்தக் கூட்டத்தில் தங்கள் பாட்டும் ஆட்டமும் அழிந்துவிடும் என்று பயந்து, அவற்றை அலாஸ்காவில் இருந்த உறவினர்களிடம் ஒப்படைத்து வைத்தார் ஐசக்.

ஊரின் மீதிக் கதை சட்டென்று முடிகிறது. 1899 ஏப்ரல் தீயில் 117 கட்டடங்கள் போயின. அதே கோடையில் அலாஸ்காவின் நோம் கடற்கரையில் தங்கம் என்று செய்தி வர, ஆயிரக்கணக்கில் படகேறிவிட்டார்கள். 1902-இல் ஊரில் ஐயாயிரம் பேர்கூட இல்லை. பிறகு கம்பெனிகள் ராட்சத மிதவை இயந்திரங்களை இறக்கி ஓடைகளைக் குடைந்தன. அவை கக்கிய கூழாங்கல் குவியல் இன்றும் புழு நெளிந்த தடம் மாதிரி கிடக்கிறது. இன்றைய மக்கள்தொகை சுமார் 1,600.

1998-இல் ட்ரொண்டெக் ஹ்வெச்சின் மக்கள் கனடா அரசோடும் யூகான் பிரதேச அரசோடும் நில ஒப்பந்தம் போட்டார்கள். ட்ரொச்செக் இப்போது அவர்கள் பேரில் இருக்கிறது. அலாஸ்காவில் இருந்த பாட்டுகளும் திரும்பி வந்துவிட்டன. இரண்டு வருடத்துக்கு ஒருமுறை மூஸ்ஹைடில் கூடி அவற்றைப் பாடுகிறார்கள். படகில் போகிறார்களாம், ரோடு கிடையாது.